டைக், ஓஷீன், கில்லியன், ரீயன், ஃபின்: ஐரிஷ் பையனுக்கு எந்தப் பெயர்?

அயர்லாந்தின் கார்க் நகரில் நர்ஸாக வேலை பார்க்கும் என் தங்கைக்குப் பையன் என்று ஸ்கேனில் தெரிந்துவிட்டது. மாப்பிள்ளை கெர்ரி மாவட்டத்துக்காரர். அவர்கள் வீட்டில் பாட்டி காலம் வரை ஐரிஷ் மொழி புழங்கியிருக்கிறது. முதல் பெயர் ஐரிஷ், அடுத்தது ஒரு தமிழ்ப் பெயர் என்று இருவரும் பேசி முடித்துவிட்டார்கள். தமிழ்ப் பெயரை நாகர்கோவிலில் இருக்கும் அம்மா பார்த்துக்கொள்கிறார். ஐரிஷ் பெயரில்தான் முடிவு வரவில்லை. ஐந்து பெயர்களை அனுப்பி, "அண்ணா, இதுல எதுன்னு நீயே பார்த்துச் சொல்லு" என்றாள். டப்ளினில் இருப்பதால் இந்தப் பெயர்களை நான் தினமும் காதில் கேட்கிறேன். அவளுக்குச் சொன்னதைக் கொஞ்சம் விரித்து எழுதுகிறேன். அயர்லாந்தில் பிள்ளை வளர்க்கும் தமிழ்க் குடும்பங்கள் இப்போது நிறைய இருக்கின்றன, அவர்களுக்கும் பயன்படும்.

பெயர்ப் பட்டியல்களில் ஒவ்வொன்றுக்கும் இரண்டு சொல்லில் பொருள் போட்டிருப்பார்கள்: கவிஞன், சிறு மான், சிறு அரசன். அதை மட்டும் பார்த்து முடிவு செய்யாதே என்பதுதான் நான் அவளிடம் முதலில் சொன்னது. அந்தப் பெயரை இதுவரை யார் சுமந்தார்கள், நடுவில் அதற்கு என்ன ஆனது, இன்று விளையாட்டு மைதானத்தில் ஒரு அம்மா கத்திக் கூப்பிட்டால் எப்படிக் கேட்கிறது என்பதெல்லாம் பொருளைவிடப் பெரிய விஷயங்கள். நாளைக்குப் பையன் "எனக்கு ஏன் இந்தப் பேரு?" என்று கேட்கும்போது இரண்டு சொல் பதில் போதாது.

ஐந்துக்குள் போகும் முன், பட்டியலில் ஏன் லியம், கெவின், பேட்ரிக், கானர் இல்லை என்று பலரும் கேட்பார்கள். அதைச் சொல்லிவிடுகிறேன். லியம் என்பது வில்லியத்தின் ஐரிஷ் வடிவமான உல்லியமின் சுருக்கம். 12-ஆம் நூற்றாண்டில் நார்மன்கள் கொண்டுவந்த ஜெர்மானியப் பெயர் அது. 2017 முதல் அமெரிக்காவில் ஆண் குழந்தைப் பெயர்களில் முதலிடத்தில் உட்கார்ந்திருக்கிறது. நல்ல பெயர்தான், ஆனால் ஐரிஷ் வேர் வேண்டும் என்பவர்களுக்கு அது பொருந்தாது.

கெவின் வேறு கதை. நம் ஊர் கிறிஸ்தவக் குடும்பங்களில் கெவின்கள் ஏராளம், அதை நாம் அமெரிக்கப் பெயர் என்றே நினைத்துக்கொண்டிருக்கிறோம். அது விக்லோ மலைகளில் கிளென்டலாக் மடத்தை நிறுவி, 618-இல் இறந்ததாகச் சொல்லப்படும் துறவியின் பெயர். ஐரிஷில் குவீவீன், நற்குடிப் பிறப்பு என்ற பொருள் வரும். ஆனால் இன்றைய அயர்லாந்தில் கெவின் என்றால் நடுவயது ஆள்தான் கண் முன் வருவார். ஆரம்பப் பள்ளியில் கெவினைத் தேடித்தான் பிடிக்க வேண்டும்.

பேட்ரிக் லத்தீன் பெயர், அயர்லாந்தில் கிறிஸ்தவம் பரப்பிய புனிதரின் பெயர். யாழ்ப்பாணத்தில் பத்திரிசியார் என்று கல்லூரிக்கே பெயராக இருப்பவர் இவர்தான். ஒரு காலத்தில் ஐரிஷ்காரர்கள் மரியாதை காரணமாக இந்தப் பெயரை நேராக வைக்கவே மாட்டார்கள். "பேட்ரிக்கின் அடியவன்" என்ற பொருளில் கில்லா பாட்ரிக் என்றுதான் வைப்பார்கள். ஃபிட்ஸ்பேட்ரிக் என்ற குடும்பப் பெயர் அதிலிருந்து வந்ததுதான். கானர் எல்லாருக்கும் எளிதாக வாயில் வரும். ஆனால் பழங்கதையில் அந்தப் பெயர் கொண்ட அல்ஸ்டர் மன்னன், டேர்ட்ரா என்ற பெண்ணுக்காக, பாதுகாப்பு தருவதாக வாக்குக் கொடுத்து வரவழைத்த மூன்று சகோதரர்களைக் கொன்றவன். மாப்பிள்ளை வீட்டில் அந்தக் கதை எல்லாருக்கும் தெரியும். அதனால் அவர்களே வேண்டாம் என்றுவிட்டார்கள்.

எழுத்து விஷயத்தையும் முதலிலேயே பேசிவிட வேண்டும். ஐரிஷ் எழுத்துக்கூட்டலை ஆங்கிலக் கண்ணால் படித்தால் எல்லாமே தப்பாகத் தெரியும். அதற்கென்று தனி ஒழுங்கு இருக்கிறது, அதைப் பிடித்துக்கொண்டால் ஆங்கிலத்தைவிட நேரானது. 'சி' எப்போதும் 'க' ஒலிதான். 'எஸ்' பக்கத்தில் ஆங்கில 'i' அல்லது 'e' வந்தால் 'ஷ' ஆகிவிடும். உயிரெழுத்தின் மேல் சாய்வாக ஒரு கோடு போடுவார்கள், அதன் பெயர் ஃபாடா. நம் நெடில் போல அது ஒலியை நீட்டும். அந்தக் கோட்டை விட்டுவிட்டால் சில சமயம் வேறு சொல்லே ஆகிவிடும்: ஷான் என்ற பெயரில் ஃபாடாவை எடுத்துவிட்டால் 'பழைய' என்று பொருள். பாஸ்போர்ட்டின் அடியில் இயந்திரம் படிக்கும் வரியில் இந்தக் குறிகள் வராது, வெறும் ஆங்கில எழுத்துதான். ஆகவே ஃபாடா உள்ள பெயரை வைத்தால், பிறப்புப் பதிவிலேயே அதைச் சரியாகப் போடச் சொல்லி நின்று பார்த்துவிட்டு வர வேண்டும். பின்னால் எந்தப் படிவத்தில் விட்டுப்போனாலும் மூலம் சரியாக இருக்கும்.

சரி, ஐந்து பெயர்கள்.

ஃபின்னை நான் முதலிலேயே கழித்துவிட்டேன். ஐரிஷ் எழுத்துப்படி ஃபியுன், பலர் ஃபின் என்றே சொல்வார்கள். வெண்மை, பொன்னிறம், ஒளி என்று பொருள். பாய்ன் ஆற்றில் ஃபினேகஸ் என்ற கவிஞர் ஏழு வருடம் காத்திருந்து ஞான மீனைப் பிடிக்கிறார். அதைச் சமைக்கச் சொல்லித் தன் சீடனிடம் கொடுக்கிறார், ருசி மட்டும் பார்க்கக் கூடாது என்று கண்டிப்பு. மீனின் தோலில் எழுந்த கொப்புளத்தைப் பையன் கட்டைவிரலால் அமுக்குகிறான், சுட்டுவிடுகிறது, விரலை வாயில் வைக்கிறான். உலகத்து ஞானமெல்லாம் அந்தப் பையனுக்கு வந்துவிடுகிறது. அவன்தான் பின்னாளில் ஃபியானா வீரர்களின் தலைவனான ஃபின். கதை அற்புதம். ஆனால் ஃபின் என்று சொன்னவுடன் வெளியூர்க்காரர்கள் ஸ்காண்டிநேவியப் பெயர் என்று எடுத்துக்கொள்வார்கள், ஏனென்றால் அங்கேயும் தனியாக ஒரு ஃபின் இருக்கிறது. பொன்னிறத் தலை என்று அர்த்தம் வரும் பெயரை எங்கள் வீட்டுக் கருத்த முடிப் பையனுக்கு வைக்கலாமா என்று அம்மா கேட்டார். எனக்கு அது பெரிய தடையாகப் படவில்லை. வேர் தெரியாமல் போய்விடுகிறது என்பதுதான் என் குறை.

ரீயன் ஐந்திலும் சுலபமானது. 'ரீ' என்றால் அரசன், அதோடு சிறுமை விகுதி சேர்ந்து சிறு அரசன். உலகம் முழுக்கத் தெரிந்த ரயன் என்ற பெயரோடு உறவு கொண்டது. நம் ஊரிலும் ரயான், ரியான் என்று இப்போது நிறைய வைக்கிறார்கள் என்பதால் அம்மாவுக்கு வாயில் சுலபமாக வந்துவிட்டது. ஃபாடா இல்லாமல் எழுதினால் ஐரிஷில் 'சுவடு' என்று பொருள் மாறும், அதுவும் மோசமில்லை. எங்கே குடியேறினாலும் பையன் தன் பெயரை விளக்கிக்கொண்டிருக்க வேண்டாம். அதே காரணத்தால்தான் எனக்கு அதில் ஈர்ப்புக் குறைவு. யாரும் கேட்காத பெயருக்குக் கதை சொல்லும் வாய்ப்பும் வராது. பெரிய புராணமோ, துறவியோ அதன் பின்னால் நிற்கவும் இல்லை. விளக்கிக்கொண்டே இருப்பது அலுப்பு என்று நினைக்கும் பெற்றோருக்கு இது முதல் தேர்வாகவே இருக்கலாம், அதில் தப்பே இல்லை.

கில்லியனுக்கு வருவோம். 'கி' அழுத்தமாக வர வேண்டும். 'சில்லியன்' என்று படித்தவர்கள் முன்பு நிறைய. கார்க்கில் பிறந்த நடிகர் கில்லியன் மர்ஃபி 2024-இல் சிறந்த நடிகருக்கான ஆஸ்கர் வாங்கிய பிறகு அந்தக் குழப்பம் பெருமளவு தீர்ந்துவிட்டது. இந்தியாவிலும் அவரைத் தெரியும். பெயரின் பொருளில் அறிஞர்களுக்குள் இரண்டு கட்சி: தேவாலயத்தைக் குறிக்கும் 'கில்' என்ற சொல்லிலிருந்து வந்தது என்பார் ஒரு பக்கம், போரைக் குறிக்கும் பழஞ்சொல்லிலிருந்து என்பார் இன்னொரு பக்கம்.

ஆனால் இந்தப் பெயரைத் தூக்கி நிறுத்துபவர் ஏழாம் நூற்றாண்டு மனிதர். காவன் மாவட்டத்து முல்லா என்ற ஊரில் பிறந்தவர் என்று மரபு சொல்கிறது. அங்கிருந்து ஜெர்மனியின் வூர்ட்ஸ்பர்க் வரை போய்ச் சமயப் பணி செய்தார். அந்த நாட்டுப் பிரபு இறந்துபோன தம் சகோதரனின் மனைவியை மணந்திருந்தார். அந்தத் திருமணம் செல்லாது என்று கில்லியன் முகத்துக்கு நேராகச் சொன்னார். பிரபு ஊரில் இல்லாத சமயம் பார்த்து, அந்தப் பெண் 689 வாக்கில் அவரையும் இரண்டு துணைவர்களையும் கொல்லச் செய்தாள் என்கிறது வரலாறு. வூர்ட்ஸ்பர்க் பேராலயத்தில் மூவரின் மண்டையோடுகளையும் இன்றும் வைத்திருக்கிறார்கள். ஜூலையில் அவர் பெயரில் பெருவிழா நடக்கிறது. ஆகவே இந்தப் பெயர் ஜெர்மனியிலும் சொந்தப் பெயர் போலவே புழங்குகிறது. ஐரோப்பாவுக்குள் வேலை மாறிக்கொண்டே இருக்கப் போகும் குடும்பம் என்றால் கில்லியனைத்தான் சொல்வேன். தங்கைக்கு அப்படி எண்ணம் இல்லை. கெர்ரியில் வீடு கட்டிக்கொண்டிருக்கிறார்கள்.

ஓஷீனில்தான் எனக்கு மனசு நின்றுவிட்டது. முடிவில் நான் அதை முதலிடத்தில் வைக்கவில்லை, ஆனால் கதை என்று பார்த்தால் இதற்கு ஈடு ஐந்திலும் இல்லை.

ஓஷீன் என்றால் சிறு மான். மேலே சொன்ன ஃபின்னின் மகன். ஃபின் கில்டேர் பக்கத்து ஆலன் குன்றில் இருந்தபோது வேட்டைக்குப் போகிறான். நாய்கள் ஒரு பெண்மானைத் துரத்துகின்றன. ஆனால் பிரான், ஷ்கோலன் என்ற அவனுடைய சொந்த நாய்கள் இரண்டும் அதைக் கடிக்காமல் சுற்றிச் சுற்றி விளையாடுகின்றன. மானை அவன் வீட்டுக்குக் கூட்டிவருகிறான். அது சைவ் என்ற பெண். ஒரு மந்திரவாதியின் ஆசைக்கு இணங்காததால் மானாக்கப்பட்டவள். ஃபின்னின் கோட்டைக்குள் மட்டும் அவளுக்குப் பெண் உருவம் திரும்பிவிடுகிறது. கடல் வழி வந்த எதிரிகளோடு போரிட அவன் போயிருந்தபோது, மந்திரவாதி ஃபின்னின் உருவத்திலேயே வாசலில் வந்து நிற்கிறான். கணவன் வந்துவிட்டான் என்று ஓடிவருகிறாள். வெளியே கால் வைத்ததும் மறுபடி மான். ஏழு வருடம் ஃபின் தேடியும் அவள் கிடைக்கவில்லை. அப்புறம் ஒருநாள் ஸ்லைகோவின் பென் புல்பன் மலையில் அதே இரண்டு நாய்கள் ஒரு சிறுவனைச் சுற்றி நின்று மற்ற நாய்களை அண்ட விடாமல் காக்கின்றன. ஒரு மான் தன்னை வளர்த்தது என்று அந்தச் சிறுவன் பேசக் கற்றுக்கொண்ட பிறகு சொல்கிறான். அவன்தான் ஓஷீன்.

வளர்ந்து பெரிய கவிஞனாகிறான். நீயவ் என்ற பெண் வெள்ளைக் குதிரையில் வந்து இளமை மாறாத நாட்டுக்கு அவனை அழைத்துப் போகிறாள். அங்கே அவனுக்கு மூன்று வருடம் போனதாகத்தான் தெரிகிறது, இங்கே முந்நூறு வருடம் ஓடிவிட்டது. ஊரைப் பார்க்க வேண்டும் என்று கேட்கிறான். குதிரையிலிருந்து இறங்காதே என்று சொல்லி அனுப்புகிறாள். டப்ளினுக்குத் தெற்கே கிளெனஸ்மோல் பள்ளத்தாக்கில் ஒரு பெருங்கல்லைத் தூக்க முடியாமல் சிலர் திணறுகிறார்கள். சேணத்திலிருந்தபடியே குனிந்து உதவுகிறான், வார் அறுந்து மண்ணில் விழுகிறான். அந்தக் கணமே கண் தெரியாத கிழவன். அப்போது அயர்லாந்தில் பேட்ரிக் வந்து புது மதம் பரப்பிக்கொண்டிருக்கிறார். தன் அப்பாவும் வீரர்களும் இருந்த காலம் எப்படிப்பட்டது என்று கிழவன் பேட்ரிக்கோடு வாதாடுகிறான். அந்த உரையாடல்களை ஐரிஷ்காரர்கள் நூற்றாண்டுகளாகப் பாடியும் சொல்லியும் வந்திருக்கிறார்கள். கிளெனஸ்மோல் நான் அடிக்கடி நடக்கப் போகும் இடம். அங்கே கல் எதைப் பார்த்தாலும் இதுவாக இருக்குமோ என்று தோன்றும்.

1760-களில் மெக்ஃபர்சன் என்ற ஸ்காட்லாந்துக்காரர் இந்தக் கதைகளை ஒசியன் என்ற பழங்கவியின் பாடல்களாக ஆங்கிலத்தில் வெளியிட்டார். அவரே பெரும்பகுதியைப் புனைந்துவிட்டார் என்று அப்போதே சண்டை. ஐரோப்பாவே அதில் மயங்கியது, நெப்போலியனும்தான். ஓஷீனின் மகன் பெயர் ஆஸ்கர், மானின் நண்பன் என்று பொருள். நெப்போலியனின் தளபதி பெர்னதோத் 1799-இல் பிறந்த தன் மகனுக்கு அந்தப் பெயரை வைத்தார். அந்தப் பிள்ளைதான் பின்னாளில் ஸ்வீடனின் முதலாம் ஆஸ்கர் மன்னர். 1854-இல் டப்ளினில் பிறந்த ஆஸ்கர் ஒயில்டுக்கும் பெயர் இந்த வழியில் வந்ததுதான்.

இவ்வளவு சொல்லிவிட்டு ஏன் இரண்டாம் இடம்? காரணம் இரண்டு. ஒன்று சின்னது: இந்தியாவில் ஓஷின் என்று பெண்களுக்குப் பெயர் உண்டு. 1983-இல் வந்த ஒரு ஜப்பானியத் தொடரின் நாயகி பெயர் அது, இலங்கையில் அந்தத் தொடர் மிகப் பிரபலம். விடுமுறைக்கு ஊருக்கு வரும் பையனை யாராவது கேட்கத்தான் செய்வார்கள். இதைத் தாங்கிக்கொள்ளலாம். இரண்டாவதுதான் எனக்கு முக்கியம். ஓஷீன் பல நூற்றாண்டு கதைக்குள்ளேயே வாழ்ந்த பெயர். குழந்தைகளுக்குப் பரவலாக வைக்க ஆரம்பித்தது 20-ஆம் நூற்றாண்டில், 1893-இல் தொடங்கிய கேலிக் லீக் மொழி இயக்கம் ஊட்டிய உணர்வுக்குப் பிறகு. புத்தகத்திலிருந்து திரும்ப எடுத்து வைத்த பெயர் அது. அதில் குறையில்லை. ஆனால் இந்தக் குடும்பத்துக்கு அதைவிட நெருக்கமான ஒன்று கையிலேயே இருக்கிறது.

டைக். ஆங்கில எழுத்தில் Tadhg என்று ஐந்து எழுத்து. பார்க்கும் எவரும் திகைப்பார்கள். ஒலியோ ஒரே அசை. டைகர் என்று சொல்லத் தொடங்கி முன்பாதியோடு நிறுத்தினால் அதுதான். பொருள் கவிஞன். பழைய அயர்லாந்தில் கவிஞர்கள் சாதாரண ஆட்கள் அல்ல. சங்ககாலத்தில் வேந்தர்கள் புலவர்களின் பாட்டுக்கு ஏங்கியதைப் போல, ஐரிஷ் சிற்றரசர்கள் அவர்களின் புகழுக்கு ஏங்கினார்கள், வசைக்கு நடுங்கினார்கள். கவிஞர் வேலை குலவழியாக வந்தது, வருடக்கணக்கில் படிக்க வேண்டியிருந்தது. பதினைந்தாம் நூற்றாண்டின் பெரும்புலவர் ஒருவரின் பெயரே டைக் ஓக் ஓ ஹிகின், 1448-இல் இறந்தார். அரசர்களுக்கும் இந்தப் பெயர் உண்டு. 1014-இல் கிளான்டார்ஃபில் வீழ்ந்த பிரையன் போருவின் மகன்களில் ஒருவர் டைக்.

அரசர், புலவர் மட்டுமல்ல, குடியானவர், மீனவர் எல்லாரும் வைத்துக்கொண்டார்கள். அவ்வளவு பரவல் என்பதால்தான் ஐரிஷில் இரண்டு பக்கமும் பேசுகிறவனுக்கு 'இருபக்கத்து டைக்' என்று பெயர் வந்தது. ஆங்கில ஆட்சியில் இதுவே வினையானது. வட அயர்லாந்தில் கத்தோலிக்கரை இழிவாகச் சொல்லும் வசைச்சொல் இந்தப் பெயரிலிருந்து பிறந்தது, இன்றும் சுவர்களில் எழுதுகிறார்கள். பெல்ஃபாஸ்டில் குடியிருக்கப் போகிறவர்கள் இதைத் தெரிந்துகொண்டுதான் வைக்க வேண்டும். அங்கேயும் தெரிந்தே, பெருமையோடு வைப்பவர்கள் இருக்கிறார்கள்.

தெற்கில் நடந்தது வேறு. 1864-இல் பிறப்புப் பதிவு தொடங்கியபோது பதிவேடு ஆங்கிலத்தில். பள்ளியும் ஆங்கிலத்தில். டைக் என்ற பையனை டிமதி அல்லது தாடியஸ் என்று எழுதினார்கள். டியர்மிட் ஜெரமையா ஆனான், கானரின் பழைய வடிவம் கொர்னீலியஸ் ஆனது, டொனகா டெனிஸ் ஆனது. ஒலியிலோ பொருளிலோ ஒட்டாத பெயர்கள், ஏதோ ஒரு எழுத்து ஒத்துப்போனதால் ஒட்டவைத்தவை. கார்க், கெர்ரி கல்லறைகளில் இத்தனை டிமதிகளும் ஜெரமையாக்களும் ஏன் என்று வெளியூர்க்காரர்களுக்குப் புரியாது. காகிதத்தில் டிமதி, வீட்டில் டைக். தேவாலயப் புத்தகத்தில் ஒரு பெயர், அடுப்படியில் இன்னொரு பெயர் என்று மூன்று நான்கு தலைமுறை ஓடியிருக்கிறது.

மாப்பிள்ளையின் தாத்தாவும் பதிவேட்டில் டிமதிதான். பாட்டி கூப்பிட்டது டைக் என்று. அயர்லாந்தில் பழைய முறைப்படி முதல் பையனுக்கு அப்பாவின் அப்பா பெயர், இரண்டாவது பையனுக்கு அம்மாவின் அப்பா பெயர். தாத்தா பெயரைப் பேரனுக்கு வைக்கும் நமக்கு இதில் விளக்கம் தேவையே இல்லை. மாப்பிள்ளை மூத்தவர் அல்ல என்பதால் அவருக்கு இந்தப் பெயர் வரிசையில் வரவில்லை. அவருடைய அப்பா எதுவும் சொல்லவில்லை, சொல்லவும் மாட்டார். ஐந்து பெயர்களை வாசித்தபோது டைக்கில் மட்டும் அவர் தலையை நிமிர்த்தினார் என்று தங்கை போனில் சொன்னாள். எனக்கு அதுவே பாதிப் பதில்.

எதிர்த் தரப்பையும் பார்க்க வேண்டும். அம்மா முதல் தடவை கேட்டதும், "டைகரா? அது நாய்க்கு வைக்கிற பேராச்சே" என்றார். நம் ஊரில் பாதித் தெருக்களில் ஒரு டைகர் இருப்பது உண்மைதான். இதை லேசாக எடுத்துக்கொள்ளவில்லை, ஏனென்றால் கூப்பிட மனசு வராத பெயரை ஒரு பாட்டி மேல் திணிக்கக் கூடாது. கவிஞன் என்று பொருள், மாப்பிள்ளையின் தாத்தா பெயர் என்று சொன்ன பிறகு அவரே இரண்டு மூன்று முறை சொல்லிப் பார்த்தார். டைக்கு என்று உகரம் சேர்த்துக்கொண்டார். அது அழகாகவே இருந்தது.

அடுத்து, எழுத்து. அயர்லாந்துக்கு வெளியே யாரும் இதைச் சரியாகப் படிக்கப்போவதில்லை. அது வாழ்நாள் வேலை, ஒளிக்க வேண்டியதில்லை. ஆனால் அயர்லாந்துக்குள் இது இப்போது கூச்சப்பட வைக்கும் பெயர் அல்ல. ரக்பி பார்ப்பவர்களுக்கு டைக் ஃபர்லாங்கும் டைக் பெர்னும் வீட்டு ஆட்கள் மாதிரி. அண்மைய ஆண்டுகளில் டைக், ரீயன், கில்லியன் மூன்றும் மத்தியப் புள்ளியியல் அலுவலகத்தின் பட்டியலில் முதல் பத்துக்குள் வந்திருக்கின்றன. வகுப்பில் இரண்டு டைக்குகள் இருந்து, குடும்பப் பெயரின் முதல் எழுத்தைச் சேர்த்து ஆசிரியர் கூப்பிட நேரலாம். தனித்துவம் வேண்டும் என்பவர்களுக்கு இது ஒரு கழித்தல். ஃபாடா கிடையாது என்பது ஒரு கூட்டல்: எந்தக் கணினியும் இந்தப் பெயரைச் சிதைக்க முடியாது.

இன்னொன்று எனக்குப் பிடித்தது. நாம் கண்ணனைக் கூப்பிடும்போது கண்ணா என்று மாற்றுவதுபோல ஐரிஷிலும் விளிக்கும்போது பெயர் மாறும். டைக்கைக் கூப்பிட்டால் "அ ஹைக்". கெர்ரியில் தாத்தா வீட்டுக்குப் போகும் நாட்களில் பையன் இரண்டு வடிவத்தையும் கேட்பான். ஸ்காட்லாந்தில் ஹேமிஷ் என்ற பெயரே இப்படி, ஷேமஸைக் கூப்பிடும் வடிவத்தைப் பெயரென்று எடுத்துக்கொண்டதால் வந்தது.

ஆகவே தங்கைக்கு நான் சொன்னது டைக். கார்க், கெர்ரி அடங்கிய மன்ஸ்டர் மாகாணத்தில்தான் அவர்கள் வாழப்போகிறார்கள், குடும்பத்தில் அந்தப் பெயர் இருந்திருக்கிறது, பதிவேடு ஒரு காலத்தில் மறுத்ததை இப்போது அதே நாட்டின் பதிவேட்டில் நேராக எழுதலாம். அடுத்து இன்னொரு பையன் பிறந்தால் ஓஷீனுக்கு நான் கடுமையாக வாதாடுவேன். மாப்பிள்ளை வீட்டில் தாத்தா பெயர் என்ற கணக்கு இல்லாதவர்களுக்கு ஓஷீன்தான் என் முதல் சிபாரிசு, ஃபாடாவை விடாமல் எழுதினால் போதும். ஐந்து வருடத்தில் சென்னைக்கோ சிட்னிக்கோ கிளம்பிவிடுவோம் என்று இருப்பவர்கள் டைக்கைத் தொட வேண்டாம், ரீயனைப் பாருங்கள். ஜெர்மனி, ஹாலந்து என்றால் கில்லியன்.